அவர் குரலில் ஒரு யந்திரம்

மூன்று வாரங்களுக்கு முன்னால் இந்தப் பகுதியில் வற்றல் குழம்பைப் பற்றி எழுதினேன். மேஜை கொள்ளாமல் கடிதங்கள் வந்தன. சுண்டைக்காயா, மணத்தக்காளியா என்று வாசக சகோதரிகள் இரண்டு கட்சியாகப் பிரிந்து நடத்திய யுத்தத்தில் தபால்காரருக்குத்தான் முதுகு வலி! அதற்கு அடுத்த வாரம், சமீபத்தில் நான் படித்த விஞ்ஞானக் கதைகளைப் பற்றி ஒரே ஒரு பாரா எழுதினேன். மூன்றே மூன்று கடிதங்கள் வந்தன.

முதல் கடிதம், "ராக்கெட், ரோபோ எல்லாம் எங்கள் வீட்டுப் பையன்கள் விவகாரம். நமக்கு எதற்கு அம்மா அந்த வம்பு? நீங்கள் குழம்பைப் பற்றியே எழுதுங்கள்" என்று செல்லமாகக் கடிந்துகொண்டது. இரண்டாவது ஒரு கல்லூரி மாணவியுடையது. நான் ஓர் ஆசிரியரின் பெயரைத் தப்பாக எழுதிவிட்டேனாம். வாஸ்தவம்தான், மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். மூன்றாவது கடிதத்தைப் பிரித்தேன். படித்து முடித்து நிமிர்ந்தபோது, எதிரே வைத்திருந்த காபியில் ஆடை படிந்திருந்தது.

எழுதியவர் அறுபது வயதைத் தாண்டிய ஓர் அம்மாள். பெயரையும் ஊரையும் வெளியிட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டிருக்கிறார். விஷயத்தை எழுதச் சம்மதித்திருக்கிறார். சென்ற ஆவணி மாதம் அவருடைய கணவர் காலமாகிவிட்டார். ஒரே பிள்ளை கடல் கடந்த தேசத்தில், கம்ப்யூட்டர் உத்தியோகத்தில் இருக்கிறான். அப்பா செல்போனில் அனுப்பிய பேச்சுப் பதிவுகள், கல்யாண வீடியோக்கள், எழுதிய செய்திகள் எல்லாவற்றையும் அவன் சேர்த்து வைத்திருக்கிறான். அவற்றை ஒரு யந்திரத்துக்குக் கொடுத்துப் பழக்கினால், அது அப்பாவின் குரலிலேயே பேசுமாம்; கேட்டதற்குப் பதில் சொல்லுமாம். "சாயங்காலத்தில் தனியாக உட்கார்ந்திருக்கிறாயே அம்மா, உனக்குப் பேச்சுத் துணையாக இருக்கும்" என்கிறான் பிள்ளை.

அந்த அம்மாள் எழுதுகிறார்: "பிள்ளை ஆசையோடு செய்கிறான். வேண்டாம் என்று சொன்னால் மனம் நோவான். சரி என்று சொல்லவோ எனக்குப் பயமாக இருக்கிறது. அவர் குரலை ஒரு தடவை கேட்க மாட்டோமா என்று ராத்திரி எல்லாம் ஏங்குகிறேன். கேட்டுவிட்டால் என்ன ஆவேனோ என்றும் நடுங்குகிறேன். நீங்கள் படிக்கிற விஞ்ஞானக் கதைகளில் இதற்கு ஏதாவது வழி சொல்லியிருக்கிறதா?"

சொல்லியிருக்கிறது, அம்மா. வழி என்று சொல்ல முடியாவிட்டாலும், உங்களைப் போலவே தவித்த சிலரின் கதையைச் சொல்லியிருக்கிறது. அதைத்தான் இந்த வாரம் எழுதப் போகிறேன். முதல் கடிதக்காரருக்கும் அதிலேயே பதில் கிடைத்துவிடும்.

நடக்கிற காரியந்தான்

முதலில் ஒரு சந்தேகத்தைத் தீர்த்துவிடலாம். போனவர் குரலில் யந்திரம் பேசுமா என்றால், பேசும். நீங்களே கேட்டிருப்பீர்கள். 2024-ல் வெளிவந்த 'லால் சலாம்' படத்தில், 1997-ல் மறைந்த சாகுல் ஹமீதின் குரலும், 2022-ல் மறைந்த பம்பா பாக்யாவின் குரலும் ஒரு பாட்டில் மறுபடி ஒலித்தன. இரண்டு குடும்பத்தாரின் அனுமதியையும் பெற்று, அவர்களுக்குத் தக்க ஊதியமும் அளித்து அதைச் செய்ததாக ஏ.ஆர். ரஹ்மான் தெரிவித்தார். அதே வருஷம் ஜனவரியில் மறைந்த பவதாரிணியின் குரலை, சில மாதங்களில் வந்த 'கோட்' படத்தின் பாட்டில் கேட்டு எத்தனையோ பேர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

குரலோடு நிற்கவில்லை. 2020-ம் வருஷம் தென் கொரியாவில் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒளிபரப்பாயிற்று. நோயில் இறந்துபோன தன் சின்னஞ்சிறு மகளை ஒரு தாய் சந்திக்கிறாள். கண்ணுக்கு ஒரு பெரிய கண்ணாடி, கைக்கு உறை. அந்தக் கண்ணாடிக்குள் குழந்தை ஓடிவருகிறது; பேசுகிறது. தாய் கையை நீட்டி அதன் முகத்தைத் தடவுகிறாள். பார்க்கிற நமக்கோ, ஒரு பெண்மணி வெறுங்காற்றைத் தடவிக்கொண்டு விம்முவதுதான் தெரிகிறது. உலகம் முழுவதும் அதைப் பார்த்தவர்களில் பாதிப்பேர் "பாவம், நல்ல காரியம்" என்றார்கள். பாதிப்பேர் "ஐயோ, கொடுமை" என்றார்கள்.

யந்திரம் இதை எப்படிச் செய்கிறது? மந்திரம் ஒன்றும் இல்லை. ஒருவர் பேசிய பதிவைக் கொடுத்தால், அவர் குரலின் ஏற்ற இறக்கம், எந்த எழுத்தை அழுத்துகிறார், எங்கே மூச்சு விடுகிறார் என்பதையெல்லாம் அது கணக்காகப் பிடித்துக்கொள்கிறது. பிறகு எந்த வாக்கியத்தைக் கொடுத்தாலும் அந்தச் சாயலில் பேசிக் காட்டுகிறது. பதில் சொல்வதற்கு வேறொரு கணக்கு. இந்தச் சொல்லுக்குப் பிறகு எந்தச் சொல் வரக்கூடும் என்று, கோடிக்கணக்கான வாக்கியங்களைப் படித்து அது பழகியிருக்கிறது. அதோடு உங்கள் வீட்டுக்காரர் எழுதிய செய்திகளையும் கொடுத்தால், அவர் நடையில் சொற்களை அடுக்கும். அவர் என்ன நினைத்தார் என்பது அதற்குத் தெரியாது. அவர் எப்படிச் சொல்லியிருப்பார் என்பதை மட்டும் ஊகிக்கும். இந்த வித்தியாசத்தை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

ஆசை மட்டும் புதிதல்ல. எடிசன் 1877-ல் கிராமபோனுக்கு முன்னோடியான பேசும் கருவியைக் கண்டுபிடித்தார். மறு வருஷமே, அதனால் என்னென்ன உபயோகம் என்று ஒரு பத்திரிகையில் பட்டியல் போட்டார். அதில் ஒன்று, குடும்பத்தாரின் பேச்சையும், சாகும் தறுவாயில் அவர்கள் சொல்லும் கடைசி வார்த்தைகளையும் பதிந்து வைத்துக்கொள்வது! நாட்டியமும் பாட்டும் கேட்கத்தான் அந்தப் பெட்டி என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். கண்டுபிடித்தவருக்கோ, போனவர் குரலும் அப்போதே ஞாபகம் வந்திருக்கிறது.

ஒரு பெண்ணின் கனவு

"ஆண்பிள்ளைகள் விவகாரம்" என்று எழுதிய சகோதரியே, இனி நீங்கள் கேளுங்கள். விஞ்ஞானக் கதை என்ற ஆலமரத்துக்கு விதை போட்டவள் ஒரு பெண். பதினெட்டு வயதுப் பெண்!

1816-ம் வருஷம். அதற்கு முந்தின வருஷம் இந்தோனேஷியாவில் தம்போரா என்ற எரிமலை வெடித்து, அந்தத் தூசி உலகத்தையே மூடியதால், ஐரோப்பாவில் அந்த வருஷம் கோடைக்காலமே வரவில்லை. ஜெனீவா ஏரிக்கரையில் ஒரு மாளிகை. வெளியே ஓயாத மழை. உள்ளே கவி பைரன், கவி ஷெல்லி, ஒரு டாக்டர், மேரி என்ற இளம் பெண் முதலியோர். பொழுது போகவில்லை. "ஆளுக்கொரு பேய்க்கதை எழுதலாம்" என்றார் பைரன். கவிச் சக்கரவர்த்திகள் இருவரும் பாதியில் விட்டுவிட்டார்கள். மேரி எழுதி முடித்தாள். 1818-ல் 'பிராங்கன்ஸ்டைன்' வெளியாயிற்று, ஆசிரியர் பெயர் இல்லாமலே! ஷெல்லிதான் எழுதியிருக்க வேண்டும் என்று பலர் தீர்மானம் செய்துவிட்டார்கள். ஐந்து வருஷம் கழித்து, இரண்டாம் பதிப்பில்தான் மேரி ஷெல்லியின் பெயர் அச்சாயிற்று.

கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். விக்டர் பிராங்கன்ஸ்டைன் என்ற இளைஞன், செத்த உடல்களின் பாகங்களைச் சேர்த்து ஓர் உருவத்துக்கு உயிர் கொடுக்கிறான். சினிமாவில் அதைப் பெரிய பூதமாகக் காட்டிப் பயமுறுத்துவார்கள். ஆனால் அந்தப் புத்தகத்தை எழுதிய பெண்ணின் வாழ்க்கையைத் தெரிந்துகொண்டு படித்துப் பாருங்கள். மேரி பிறந்த பதினோராம் நாள் அவளுடைய தாய் இறந்துபோனாள். 1815-ல், பதினேழாவது வயதில், மேரிக்கு ஒரு குழந்தை பிறந்தது. மாதம் நிறையாமல் பிறந்த பச்சைக் குழந்தை. சில நாட்களிலேயே போய்விட்டது. பிறகு ஒரு நாள் தன் நாட்குறிப்பில் ஒரு கனவை எழுதி வைத்தாள். குழந்தை உண்மையில் சாகவில்லை. உடம்பு சில்லிட்டுத்தான் போயிருந்தது. கணப்பு அருகே வைத்துத் தேய்த்தார்கள், உயிர் வந்துவிட்டது. விழித்துப் பார்த்தாள், குழந்தை இல்லை.

மறு வருஷம்தான் 'பிராங்கன்ஸ்டைன்' எழுதத் தொடங்கினாள்.

இப்போது சொல்லுங்கள். போனவரை மீட்டுக்கொள்ள மாட்டோமா என்ற ஏக்கம் ஆண்பிள்ளைகள் விவகாரமா? மற்றொன்றும் கவனியுங்கள். அந்தக் கதையில் விக்டர் செய்த பெரிய தப்பு, உருவத்தை உண்டாக்கியது அல்ல. அது கண்ணைத் திறந்ததும் பயந்துபோய், அதை விட்டுவிட்டு ஓடினானே, அதுதான். பெற்றதை ஒருவரும் கவனிக்காமல் விட்டால் என்ன ஆகும் என்பது, எந்தத் தாய்க்கும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

இன்னொரு சமாசாரம் சொன்னால் உங்களுக்குப் பெருமையாக இருக்கும். நம் தேசத்தின் ஆதி விஞ்ஞானக் கதைகளில் ஒன்று 1905-ல் வெளியாயிற்று. எழுதியவர் வங்காளத்தைச் சேர்ந்த ரொக்கையா பேகம். கதை 'சுல்தானாவின் கனவு'. அதில் ஆண்கள் அந்தப்புரத்தில் அடங்கியிருக்கிறார்கள், பெண்கள் ஆளுகிறார்கள். சூரிய வெப்பத்தால் சமையல். ஆகாயத்தில் பறக்கும் வாகனம். மேகத்திலிருந்து நேராகத் தண்ணீர். சூரிய அடுப்பு இன்று கடைக்கு வந்துவிட்டது அல்லவா? அந்த அம்மாள் நூறு வருஷத்துக்கு மேல் முன்பே அதை எழுதிவிட்டார். அந்தக் கதை வெளியானது எங்கே என்கிறீர்கள்? சாக்ஷாத் நம் சென்னைப் பட்டணத்தில்! கமலா சத்தியநாதன் என்ற அம்மையார் நடத்திய பெண்கள் பத்திரிகையில்! ஆகவே, சகோதரியே, இந்த வம்பைத் தொடங்கி வைத்ததே நாம்தான்.

இந்தக் காலத்திலும் ராக்கெட்டைப் பற்றி மட்டும் யாரும் எழுதிக்கொண்டிருக்கவில்லை. அமெரிக்காவில் என்.கே. ஜெமிசின் என்ற பெண்மணி 2016, 2017, 2018 என்று மூன்று வருஷம் தொடர்ந்து, சிறந்த விஞ்ஞான நாவலுக்கான ஹ்யூகோ பரிசை வாங்கினார். அந்த மூன்று நாவல்களிலும் பூமி ஓயாமல் நடுங்குகிறது; அதன் நடுவே ஒரு தாய், பறிகொடுத்த மகளைத் தேடி நடக்கிறாள். கிம் ஸ்டான்லி ராபின்சன் 2020-ல் எழுதிய நாவல், உத்தரப் பிரதேசத்தில் மக்களைக் கொத்துக் கொத்தாகச் சாகடிக்கும் வெயிலோடு தொடங்குகிறது. கத்தரி வெயிலில் படித்தால் வயிற்றைக் கலக்கும். சீனாவில் லியூ சிஷின், மின்சார நிலையத்தில் எஞ்சினீயராக இருந்துகொண்டே, 2006-ல் ஒரு பத்திரிகைக்குத் தொடர்கதை எழுதினார். அதுதான் உலகமெல்லாம் பேசும் 'மூன்று உடல் புதிர்' நாவல். தொடர்கதை என்றால் லேசாக நினைக்கிறவர்கள் கவனிக்கவும்! நம் சுஜாதாவின் ஜீனோ என்ற யந்திர நாய்க்காக, 1980-களில் வாரா வாரம் பத்திரிகைக் கடையில் காத்துக்கொண்டு நின்ற பெண்களும் உண்டு. அவர்களில் என் சித்தியும் ஒருத்தி.

நிற்க. கடிதத்துக்கு வருகிறேன்.

பரணில் ஒரு கணவன்

அந்த அம்மாள் கேட்ட கேள்வியை அப்படியே எடுத்துக்கொண்டு, 2013-ல் பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் ஒரு கதை வந்தது. 'பிளாக் மிர்ரர்' என்ற தொடரில் ஒரு பகுதி. மார்த்தா என்ற இளம் பெண்ணின் காதல் துணைவன் ஆஷ், விபத்தில் இறந்துபோகிறான். அவன் எழுதிவைத்த செய்திகளைப் படித்து அவனைப் போலவே பதில் எழுதும் ஏற்பாடு ஒன்றை, ஒரு சிநேகிதி அவளுக்குச் செய்து கொடுக்கிறாள். முதலில் மார்த்தா கோபித்துக்கொள்கிறாள். பிறகு எழுத்தில் பேசுகிறாள். பிறகு செல்போனில் குரல் கேட்கிறாள். ஒரு நாள் செல்போன் கை தவறி விழுந்து உடைகிறது. அவன் இரண்டாந்தடவை செத்துவிட்டதுபோலத் துடித்துப் போகிறாள்.

அப்புறம் அவன் உருவத்திலேயே ஒரு பொம்மை வீட்டுக்கு வந்து சேருகிறது. அதே முகம், அதே குரல். சொன்னபடி எல்லாம் கேட்கிறது. அதுதான் சங்கடம்! அசல் ஆஷ் சொன்னபடி கேட்கிறவனா? சண்டை போடுவான், முரண்டு பிடிப்பான், பேசும்போது கவனிக்காமல் செல்போனைப் பார்த்துக்கொண்டிருப்பான். இதுவோ, அவன் ஊருக்கு வெளிச்சமாகக் காட்டிக்கொண்ட பக்கத்தை மட்டும் திருப்பிக் காட்டுகிறது. மார்த்தாவால் அதை அணைத்துக்கொள்ளவும் முடியவில்லை, அழித்துவிடவும் முடியவில்லை. கடைசியில் அதைப் பரணில் ஏற்றிவைத்துவிட்டு, கீழே வாழ்கிறாள். பழைய பித்தளைப் பாத்திரம் போல, ஒரு கணவன் பரணில்!

கல்யாணம் ஆகி நாற்பது வருஷம் குடித்தனம் செய்தவர்களுக்கு இந்தக் கதையின் அர்த்தம் விளங்காமல் போகாது. "குழம்பில் உப்பு ஜாஸ்தி" என்று சொல்லாத கணவர் நம் கணவரே அல்ல.

தாயின் பெயரால் ஒரு புத்தகம்

அடுத்த கதை இன்னும் மென்மையானது. ஜப்பானில் நாகசாகியில் பிறந்து, ஐந்து வயதில் இங்கிலாந்துக்குப் போய் வளர்ந்தவர் கஸுவோ இஷிகுரோ. 2017-ல் நோபல் பரிசு பெற்றார். அதற்குப் பிறகு அவர் எழுதிய முதல் நாவல் 2021-ல் வெளியான 'கிளாராவும் சூரியனும்'. 2019-ல் காலமான தம் தாயாரின் நினைவுக்கு அதைச் சமர்ப்பித்திருக்கிறார்.

கிளாரா ஒரு யந்திரப் பெண். குழந்தைகளுக்குத் துணையாகக் கடையில் விற்கப்படுகிறவள். சூரிய ஒளிதான் அவளுக்கு ஆகாரம்; ஆகவே சூரியனையே தெய்வமாக நம்புகிறாள். ஜோஸி என்ற நோயாளிச் சிறுமி அவளை விரும்பித் தேர்ந்தெடுத்து வீட்டுக்கு அழைத்துப் போகிறாள். அந்த வீட்டில் மூத்த மகள் ஏற்கெனவே இறந்துவிட்டாள். இவளும் போய்விட்டால்? தாய்க்கு நெஞ்சு பதைக்கிறது. ஜோஸியைப் போலவே ஓர் உருவம் செய்து, கிளாராவை அதற்குள் புகுத்தி, மகளைத் 'தொடர' வைக்கலாம் என்று ஒருவன் அவளுக்கு ஆசை காட்டுகிறான். ஒரு மனுஷியிடம் யந்திரத்தால் எட்ட முடியாத எதுவும் உள்ளே கிடையாது என்பது அவனுடைய சித்தாந்தம்.

நல்ல காலம், ஜோஸி பிழைத்துக்கொள்கிறாள். வருஷங்கள் போகின்றன. வேலை முடிந்த கிளாரா பழைய சாமான்கள் குவிந்த ஒரு வெளியில் உட்கார்ந்து, நடந்ததை எல்லாம் நினைத்துப் பார்க்கிறாள். ஜோஸி மாதிரி நடப்பது, பேசுவது எல்லாம் தன்னால் முடிந்திருக்கும். ஆனாலும் அது பலித்திராது என்று அவளுக்குத் தோன்றுகிறது. ஏன் தெரியுமா? ஜோஸியிடம் இருந்த அபூர்வமான ஏதோ ஒன்றை அந்த மனிதன் ஜோஸிக்குள் தேடினான். அது இருந்ததோ, அவளை நேசித்தவர்களுக்குள்.

இந்த இடத்தில் நான் புத்தகத்தை மூடிவைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தேன். முடிவைச் சொல்லிவிட்டேனே என்று கோபித்துக்கொள்ள வேண்டாம். முடிவு தெரிந்தாலும் படிக்கலாம். ராமாயணத்தை நாம் முடிவு தெரியாமலா படிக்கிறோம்?

முடிவு தெரிந்தே வாழ்வதைப் பற்றியும் ஒரு கதை இருக்கிறது. டெட் சியாங் 1998-ல் எழுதியது. 2016-ல் 'அரைவல்' என்ற சினிமாவாக வந்தது. வேற்றுக் கிரகத்தவரின் எழுத்தைக் கற்றுக்கொள்ளும் ஒரு பெண்ணுக்கு, வரப்போகும் காலமும் நடந்ததுபோலவே தெரியத் தொடங்குகிறது. தனக்கு ஒரு மகள் பிறப்பாள் என்பதும், அவள் இளம் வயதிலேயே இறந்துவிடுவாள் என்பதும் முன்பே தெரிகிறது. தெரிந்தும் அந்த மகளைப் பெற்றுக்கொள்கிறாள். இழப்பைத் தவிர்ப்பதற்காக அந்த நாட்களை இழக்க அவள் தயாராக இல்லை. ஆகாயக் கப்பலில் ஆரம்பிக்கிற கதை, தொட்டிலில் வந்து முடிகிறது பாருங்கள்!

பதினோரு விநாடி

இவ்வளவையும் புத்தகத்திலிருந்து எடுத்துச் சொன்னேன். என் வீட்டிலிருந்தும் ஒன்று சொல்லாமல் விட்டால் அது நியாயம் ஆகாது.

என் தாயார் காலமாகி மூன்று வருஷம் ஆகிறது. என் செல்போனில் அவள் குரல் பதினோரு விநாடி இருக்கிறது. "வரும்போது அரைக்கட்டு கொத்தமல்லி வாங்கிட்டு வா. போன தடவை மாதிரி வாடினதைப் பார்த்து வாங்கிட்டு வராதே." அவ்வளவுதான். இரண்டு தடவை செல்போனை மாற்றியும், அதை மட்டும் பத்திரமாக எடுத்து வைத்துக்கொண்டேன்.

சென்ற வருஷம் ஒரு ராத்திரி, வீட்டில் எல்லோரும் தூங்கிய பிறகு, அந்தப் பதினோரு விநாடியை நானும் ஒரு யந்திரத்துக்குக் கொடுத்தேன். இந்த அம்மாளின் பிள்ளை செய்யப் பார்க்கிற அதே காரியந்தான். அது ஒரு நிமிஷத்தில் கணக்குப் போட்டு முடித்துவிட்டு, ஒரு வெற்றுக் கட்டத்தைக் காட்டியது. இந்தக் குரலில் என்ன பேச வேண்டுமோ, அதை இதில் எழுது என்று அர்த்தம்.

நான் எழுத ஆரம்பித்தேன். அம்மா ஆஸ்பத்திரியில் இருந்த கடைசிச் சாயங்காலம் நான் காரியாலயத்தில் இருந்தேன். இதழ் முடிக்கும் நாள். "காலையில் வந்து பார்த்துக்கொள்ளலாம்" என்று இருந்துவிட்டேன். காலையில் பார்ப்பதற்கு அம்மா இல்லை. அந்தக் கட்டத்தில் நான் எழுதத் தொடங்கிய வாக்கியம், "பரவாயில்லை, நீ வராததில் எனக்கு வருத்தம் இல்லை" என்பது.

பாதியில் கை நின்றுவிட்டது. மன்னிப்பை நானே எழுதி, நானே அம்மாவின் வாயில் வைத்து, நானே அதைக் கேட்டு அழுவதா? அது பொய்க் கையெழுத்துப் போட்ட பத்திரம் அல்லவா? அம்மா மன்னித்திருப்பாள் என்றுதான் நினைக்கிறேன். "வேலையைப் பாரு, வந்து என்ன பண்ணப் போறே" என்று சொல்லியிருக்கக்கூடும். ஆனால் சொல்லவில்லை. சொல்லாதது சொல்லாததாகவே இருக்கட்டும் என்று கட்டத்தை மூடினேன். பிறகு அந்தப் பதினோரு விநாடியைப் போட்டுக் கேட்டேன். இது அவளே சொன்னது. எனக்காகவே சொன்னது. கொத்தமல்லியானால் என்ன?

அம்மாவுக்கு

அம்மா, நான் டாக்டரும் அல்ல, வேதாந்தியும் அல்ல. யந்திரத்தின் பேச்சில் ஆறுதல் அடைகிறவர்களைக் குறை சொல்லவும் எனக்கு மனம் இல்லை. துக்கத்தில் இருக்கிறவருக்கு எந்தக் கொம்பு கையில் கிடைத்தாலும் ஊன்றிக்கொள்ளத்தான் தோன்றும். முடிவு உங்களுடையது. என்னைக் கேட்டால், பிள்ளையிடம் இப்படிச் சொல்லிப் பார்க்கலாம்:

"அப்பா பேசியதை எல்லாம் ஒன்று விடாமல், தேதி வாரியாகச் சேர்த்துக் கொடுத்துவிடு. அவர் இருமியது, கோபித்தது, கூப்பிட்டுவிட்டு விஷயத்தை மறந்துபோனது எல்லாம் இருக்கட்டும். அவர் சொன்னது எனக்குப் போதும். சொல்லாததை அவர் வாயில் வைக்க வேண்டாம்."

இன்னும் ஒன்று. அவனும் அப்பாவைப் பறிகொடுத்தவன்தான். கண்காணாத தேசத்தில், தோளில் கை போட ஆள் இல்லாமல், இரவு கண் விழித்து அப்பாவின் பேச்சை எல்லாம் ஒவ்வொன்றாகத் தேடிச் சேர்த்திருக்கிறான். உங்களுக்குப் பேச்சுத் துணை என்று அவன் சொன்னாலும், அது அவன் அழுகிற விதம் என்றே எனக்குத் தோன்றுகிறது. ஆகவே "வேண்டாம்" என்பதோடு நிறுத்திவிடாதீர்கள். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் அவனைக் கூப்பிடச் சொல்லுங்கள். ஆளுக்கொரு பக்கத்தில் இருந்துகொண்டு, ஒரு பதிவைச் சேர்ந்து கேளுங்கள். "இது எப்போது சொன்னார் தெரியுமா?" என்று நீங்கள் ஆரம்பியுங்கள். அவன் ஒன்று சொல்வான். நீங்கள் ஒன்று சொல்வீர்கள். மேரியின் கதையில் விக்டர் ஓடிப்போனதுதான் தப்பு என்றேன் அல்லவா? யந்திரத்தை அம்மாவிடம் விட்டுவிட்டுப் போவதைக் காட்டிலும், யந்திரம் இல்லாமல் அம்மாவோடு உட்கார்ந்திருப்பது அவனுக்கும் நல்லது. கிளாரா சொன்னதுபோல, உங்கள் கணவரிடம் இருந்த அந்த ஏதோ ஒன்று இப்போது இரண்டே இடத்தில்தான் இருக்கிறது. ஒன்று நீங்கள், மற்றொன்று அவன்.

அடுத்த கடிதத்தில் என்ன தீர்மானித்தீர்கள் என்று எழுதுங்கள். நான் சொன்னதற்கு நேர்மாறாகத் தீர்மானித்தாலும் எழுதுங்கள், வருத்தப்பட மாட்டேன்.

மணத்தக்காளிக் கட்சியாருக்கு ஒரு வார்த்தை. உங்கள் பதினான்கு பக்கக் கண்டனம் வந்து சேர்ந்தது. பதில் அடுத்த வாரம்.